கருப்பு முகமூடிக்கு நான் எழுதிக் கொடுத்த சவால்

என் எழுத்து முதன்முதலில் அச்சில் வந்தது ஒரு குஸ்தி நோட்டீஸில்தான். அதில் என் பெயர் கிடையாது. இருந்திருந்தால் தென்காசியில் என்னை உதைத்திருப்பார்கள்.

அப்போது எனக்கு இருபத்தாறு வயது. ஒரு உயர்நிலைப் பள்ளியில் தமிழாசிரியராகச் சேர்ந்து இரண்டாவது வருஷம். கல்யாணமாகி எட்டு மாதம். பள்ளிக்கூடம் விட்டதும் ரத வீதியில் ஒரு அச்சாபீஸில் போய் உட்கார்ந்துகொள்வேன். கல்யாணப் பத்திரிகை, கோயில் கொடை நோட்டீஸ் என்று வருகிறவற்றில் பிழை திருத்திக் கொடுப்பேன். அச்சாபீஸ் அண்ணாச்சி எனக்கு வாரப் பத்திரிகைகளை ஓசியில் படிக்கக் கொடுப்பார்.

செங்கோட்டை திருவிதாங்கூரை விட்டு நம் பக்கம் வந்து ஒன்றிரண்டு வருஷம் ஆகியிருந்தது. ஆனி பிறந்து சாரல் நன்றாகக் கட்டியிருந்த ஒரு சாயங்காலம், பட்டு ஜிப்பா போட்ட ஒருவர் குடையை மடக்கிக்கொண்டே அச்சாபீஸுக்குள் வந்தார். குஸ்தி கம்பெனி மானேஜர் என்று சொல்லிக்கொண்டார். குற்றாலம் ரோட்டில் ஒரு பொட்டலை வாடகைக்கு எடுத்திருப்பதாகவும், சீசன் முடியும் வரை ஞாயிற்றுக்கிழமை தோறும் மத்தியானம் குஸ்தி நடத்தப் போவதாகவும் சொன்னார்.

"ரெண்டு நோட்டீஸ் அடிக்கணும். ஒண்ணு சவால், இன்னொண்ணு பதில் சவால்" என்றார்.

அண்ணாச்சி கையை நீட்டினார். "எழுதிக் கொண்டாந்திருக்கியளா?"

"எழுத ஆள் தேடித்தான் வந்தேன். இந்தப் பக்கத்து ஜனங்க நல்ல தமிழ் எதிர்பார்ப்பாங்களாமே."

அண்ணாச்சி என்னைக் கைகாட்டினார். நான் அந்த மானேஜரிடம், யார் யாருக்குச் சவால் விடுகிறார்கள் என்று கேட்டேன். கருப்பு முகமூடி என்பவர் பொதிகைச் சிங்கம் என்பவருக்குச் சவால் விடுகிறார் என்றார். அவர்களுக்குள் என்ன பகை என்று கேட்டேன். அவர் என்னை விநோதமாகப் பார்த்தார்.

"அதையும் நீங்களே சொல்லுங்க வாத்தியாரய்யா" என்றார்.

அதை ஏமாற்றம் என்று சொல்ல முடியாது. மூடியிருந்த ஒரு கதவை யாரோ லேசாகத் திறந்து காட்டியது போல இருந்தது. சவால் விடுகிறவர் பதில் சொல்கிறவர் இரண்டு பேருடைய வாயும் என் கையில் இருக்கப் போகிறது! இன்னும் என்னென்ன முன்கூட்டியே எழுதி வைக்கிறார்கள்? யார் ஜெயிப்பது என்பது கூடவா? கேட்டேன். மானேஜர் சிரித்துவிட்டு, "முதல் வாரம் முகமூடி. அதுக்குத் தகுந்தாப்ல எழுதுங்க" என்றார். பதிலுக்கு என்ன வேண்டும் என்று கேட்டார். பெண்கள் பெஞ்சுக்கு ஒரு பாஸ் போதும் என்றேன்.

அண்ணாச்சியின் மேஜையிலேயே உட்கார்ந்து எழுதினேன். எங்கள் ஊர்க்காரர்களுக்கு எதைச் சொன்னால் ரோஷம் வரும் என்று யோசிக்க ரொம்ப நேரம் ஆகவில்லை.

'தென்காசி வாசிகளே! அருவி அருவி என்று பெருமை பேசுகிறீர்களே, உங்கள் குற்றாலத்து அருவி எங்கள் ஊர் வாய்க்கால் மதகுக்குக் காணுமா? அந்தத் தண்ணீரில் குளித்து ஜலதோஷம் பிடித்த உடம்புகளா என்னோடு மோதப் போகின்றன? உங்கள் பொதிகைச் சிங்கத்தை மூக்கைச் சிந்திவிட்டு வரச் சொல்லுங்கள். இப்படிக்கு, கருப்பு முகமூடி.'

மறுநாள் குதிரை வண்டியில் ஒலிபெருக்கிக் குழாயைக் கட்டி, இதைப் படித்துக்கொண்டே நோட்டீஸை வீசிப் போனார்கள். ஊர் கொதித்தது. டீக்கடையில், பஸ் நிலையத்தில், கோயில் வாசலில் எல்லாம் மதகுப் பேச்சுதான். "அவன் எந்த ஊர்க்காரம்லே? எந்த வாய்க்காலுக்குலே அவ்வளவு பெரிய மதகு?" என்று ஒரு கடைக்காரர் என்னிடமே கேட்டார். எங்கள் பள்ளியின் மூத்த தமிழ்ப் பண்டிதர் நோட்டீஸை ஆசிரியர் அறைக்குக் கொண்டுவந்து, "எவனோ படிச்ச பயதான் எழுதியிருக்கான். ஆனா ஒற்றுப்பிழை ரெண்டு இருக்கு" என்று சிவப்புப் பென்சிலால் வட்டம் போட்டார். அது எனக்குச் சுருக்கென்றது. ஒன்று அச்சுக் கோத்தவர் விட்டது. அதைச் சொல்லவும் முடியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை நானும் என் மனைவியும் போனோம். சுற்றிலும் தகரம் அடித்து, நடுவில் மர மேடை போட்டு, நாலு மூலையிலும் கம்பம் நட்டு, துணி சுற்றிய வடக்கயிறு கட்டியிருந்தார்கள். மேலே கூரை கிடையாது. தூறலில் எல்லோரும் குடையோடும் துண்டோடும் உட்கார்ந்திருந்தோம். பொதிகைச் சிங்கம் வந்தார். சிவந்த மேனி, முறுக்கிய மீசை, நெற்றியில் திருநீறு. கும்பிட்டாரே தவிர ஒரு வார்த்தை பேசவில்லை. பிறகு கருப்பு முகமூடி வந்தார். தலையையும் காதையும் முழுக்க மூடி, கண்ணுக்கும் வாய்க்கும் மட்டும் ஓட்டை விட்ட கருப்புத் துணி. பின்னந்தலையில் பூட்ஸ் கயிறு மாதிரி கட்டு. அவர் மேடையில் ஏறியதும் மலையைப் பார்த்து மூக்கைப் பொத்திக் காட்டினார். கூட்டம் எழுந்து நின்று கத்தியது. என் வாசகம் இப்படி ஒரு சைகையாக மாறி நிற்பதைப் பார்த்து எனக்கு உடம்பு புல்லரித்தது.

மூன்றாவது சுற்றில், நடுவராக நின்ற ரெப்ரி திரும்பிய நேரத்தில், முகமூடி சிங்கத்தின் கண்ணில் எதையோ தேய்த்துத் தூக்கி அடித்து ஜெயித்தார். அடுத்த ஞாயிறு வராவிட்டால் மானமில்லை என்கிற வேகத்தில் ஊர் வீடு திரும்பியது.

குதிரை வண்டியில் வரும்போது என் மனைவி மெல்லக் கேட்டாள். "அந்த முகமூடிக்காரரு அவரத் தூக்கிப் போட்டாருல்லா, அப்பம் அவரு தலைக்கு அடியில கையக் கொடுத்தாரே, பாத்தியளா?"

நான் பார்க்கவில்லை.

"பிள்ளையத் தொட்டில்ல போடுத மாதிரில்லா போட்டாரு" என்றாள். கொஞ்ச தூரம் போனதும், "நோட்டீஸ் நீங்க எழுதினதுதான?" என்றாள்.

நான் திடுக்கிட்டேன். எப்படித் தெரியும் என்று கேட்டேன். அவளுக்குச் சுந்தரபாண்டியபுரம். கல்யாணமான புதிதில் அவர்கள் ஊர்க் குளத்தைப் பார்த்து, வாய்க்கால் மதகுக்குக் காணுமா என்று நான் கேலி பண்ணினேனாம். "எங்க ஐயாவுக்கு அன்னைக்கு வந்த கோவம்தான் இன்னைக்கு இந்த ஊருக்கு வந்திருக்கு" என்றாள். எல்லாவற்றையும் அவளிடம் சொன்னேன். கோபப்படுவாள் என்று நினைத்தேன். அவளோ, "அப்பம் அந்த ரெண்டு பேரும் ஒருத்தருக்கொருத்தர் எப்படி இருப்பாவ? பேசிக்கிடுவாவளா?" என்று கேட்டாள்.

அந்தக் கேள்வி என்னையும் பிடித்துக்கொண்டது.

அடுத்து வந்த வாரங்களுக்கும் நோட்டீஸ் எழுதிக் கொடுத்தேன். கடைசிப் போட்டிக்கான நோட்டீஸை எழுதி முடித்ததும் அச்சாபீஸில் கொடுக்காமல் நானே எடுத்துக்கொண்டு, குஸ்திக்காரர்கள் தங்கியிருந்த வீட்டைத் தேடிப் போனேன். ஐந்தருவிக்குப் போகிற பாதையில் தள்ளி, தென்னந்தோப்புக்குள் ஒரு ஓட்டு வீடு. பின்கட்டில் ஒருவர் அம்மியில் தேங்காய் அரைத்துக்கொண்டிருந்தார். நல்ல கருப்பு, குட்டைக் கழுத்து, ஒரு காதின் மடல் கிழிந்து இரண்டாகத் தொங்கியது. சமையல்காரர் என்று நினைத்து, "கருப்பு முகமூடி இருக்காரா?" என்று கேட்டேன்.

அவர் கையைக் கழுவிக்கொண்டு எழுந்தார். "நாந்தான் சார்வாள். உக்காருங்க. உங்க நோட்டீஸப் படிச்சேன். நல்லா வஞ்சிருக்கிய."

சுத்தமான எங்கள் பக்கத்துப் பேச்சு. சிவகிரிக்குப் பக்கத்தில் விவசாயக் குடும்பம் என்றார். உள்ளேயிருந்து பொதிகைச் சிங்கம் ஈரத் துண்டோடு வந்து, "சாரே, இருக்கணும், இருக்கணும்" என்று ஸ்டூலை நகர்த்தினார். பொதிகைச் சிங்கத்துக்கு ஊர் மலையாளத்தில், புனலூருக்கும் அந்தப் பக்கம்! தமிழ் தட்டுத் தடுமாறித்தான் வரும். அதனால்தான் மேடையில் வாயைத் திறக்கக் கூடாது என்று மானேஜர் சொல்லியிருந்தார். மதுரையில் அவர் வைகைச் சிங்கம், கோயம்புத்தூரில் வேறு ஏதோ சிங்கம். முகமூடியும் வாயைத் திறக்கக் கூடாது. திறந்தால் அவர் உள்ளூர் ஆள் என்று தெரிந்துவிடும். ஆக மலைக்கு அந்தப் பக்கத்தவர் எங்கள் மானத்தைக் காப்பாற்ற, எங்கள் பக்கத்துக்காரர் எங்களை வைதுகொண்டிருந்தார். அவர் வைத வார்த்தை முழுக்க என்னுடையது.

அவர்கள் இருவரும் ஆறு வருஷமாக ஒன்றாகச் சமைத்துச் சாப்பிடுகிறவர்கள். முகமூடி அவரை மலையாளத்தில் அண்ணன் என்கிற மாதிரி, சேட்டன் என்று கூப்பிட்டார். வெளியில் மட்டும் ஒன்றாகப் போக மாட்டார்கள். முகமூடியின் முகம் யாருக்கும் தெரியாது என்பதால் அவர் தினமும் காலையில் டீக்கடைக்குப் போய் உட்கார்ந்து, தன்னைப் பற்றி ஊர் என்ன பேசுகிறது என்று கேட்டுவிட்டு வருவார். "நானும் சேந்து ரெண்டு வார்த்தை வைவேன் சார்வாள். இல்லன்னா சந்தேகம் வந்துரும்லா" என்றார்.

எனக்குக் கேள்விகள் மேலும் மேலும் வந்தன. அடித்தால் வலிக்காதா? எப்போது விழ வேண்டும் என்று எப்படித் தெரியும்? அவர் என் மணிக்கட்டைப் பிடித்துக் காட்டினார். பிடிக்கும்போது சுண்டு விரலால் ஒரு தடவை அழுத்தினால் தூக்கப் போகிறேன் என்று அர்த்தம். இரண்டு தடவை என்றால் மூச்சு வாங்கிக்கொள். ஓங்கிக் குத்தும்போதே குதிகாலால் பலகையை மிதித்தால் கூட்டத்துக்கு எலும்பு முறிந்த சத்தம் கேட்கும். மேடைக்கு அடியில் வேண்டுமென்றே வெற்றிடம் விட்டிருந்தார்கள். ஆனால் வலிக்காது என்பது பொய் என்றார். மரத்தில் விழுந்தால் மரத்தில் விழுந்ததுதான். எங்கே விழுவது என்பதை மட்டும்தான் நாம் தீர்மானிக்கலாம்.

"தாடைய நெஞ்சோட சேத்துக்கிடுங்க. நாக்கக் கடிச்சிராதிய" என்று சொல்லி, நான் மறுப்பதற்குள் என்னைத் தூக்கி வைக்கோல் படப்பில் போட்டார். வானம் ஒரு தடவை சுற்றியது. முதுகு முழுக்க ஒரே நேரத்தில் வைக்கோலைத் தொட்டது, எங்கேயும் வலிக்கவில்லை. பிறகு என்னை அவரைத் தூக்கச் சொன்னார். அசைக்க முடியவில்லை. "இப்பம் தூக்குங்க" என்றார். அந்த ஆளைச் சாக்குப் பை மாதிரித் தோளில் தூக்கி நின்றேன். அவர் எம்பியதை என் கையே உணரவில்லை. சேட்டன் கைதட்டிச் சிரித்தார்.

அன்றைக்கு நான் கொண்டுபோயிருந்த நோட்டீஸை அங்கே படித்துக் காட்டவே இல்லை. உற்சாகத்தில் மறந்து, திரும்பும் வழியில் அச்சாபீஸில் கொடுத்துவிட்டேன். அதுதான் வினை.

அதில் முகமூடியின் பேரால் நான் ஒரு சபதம் எழுதியிருந்தேன். கடைசிப் போட்டியில் தோற்றால் மேடையிலேயே முகமூடியைக் கழற்றுவேன், அப்படியே நடந்து போய், மதகு என்று சொன்ன அதே அருவியில் ஊர் பார்க்கத் தலைகுனிந்து நிற்பேன். மானேஜர் படித்துவிட்டு, இத்தனை வருஷமாக இது தனக்குத் தோன்றாமல் போயிற்றே என்று என் கையைப் பிடித்துக் குலுக்கினார். கடைசிப் போட்டியில் சிங்கம் ஜெயிக்க வேண்டும் என்பது ஏற்கெனவே முடிவானது. செங்கோட்டை வரைக்கும் நோட்டீஸ் போனது.

நோட்டீஸ் பரவிய இரண்டாம் நாள் முகமூடி அச்சாபீஸுக்கே என்னைத் தேடி வந்தார். முகம் வாடியிருந்தது.

"சார்வாள், எங்க அண்ணன் போலீசுல இருக்காரு. சங்கரன்கோவில் ஸ்டேஷன்லேருந்து சீசன் டூட்டிக்கு இங்கன வந்திருக்காரு. நேத்து அருவிக்கரையில பாத்தேன். ஞாயித்துக்கிழமை பந்தோபஸ்துக்கு அவரும் வருவாரு."

"வந்தா என்ன?" என்றேன்.

மதுரையில் ஒரு மில்லில் காவல்காரனாக இருப்பதாக அவர் வீட்டுக்கு எழுதிக்கொண்டிருந்தார். மேடையேறி வேஷம் கட்டிப் பிழைக்கிறவன் இந்த வீட்டுப் படி மிதிக்கக் கூடாது என்று அவருடைய தகப்பனார் முன்பே சொல்லியிருந்தார். சின்ன வயசில் அவர் ஒரு கூத்துக் கோஷ்டியோடு ஓடிப்போனபோது இந்த அண்ணன்தான் காதைப் பிடித்து இழுத்து வந்தவர். கடுக்கன் போட்ட மடல் கிழிந்தது அப்போதுதான்.

நான் அன்றே மானேஜரிடம் ஓடினேன். இன்னொரு நோட்டீஸ் எழுதித் தருகிறேன், சபதத்தை மாற்றிவிடலாம் என்றேன். "அச்சடிச்சதை யாராலயும் திரும்ப வாங்க முடியாது வாத்தியாரய்யா. முகத்தைப் பாக்கத்தான் பாதிக் கூட்டம் வருது" என்று முடித்துவிட்டார். ஒரு மனிதனின் முகத்தை அவனைக் கேட்காமல் பந்தயத்தில் வைத்தது என் பேனா என்கிற எண்ணம் என்னை ராத்திரியெல்லாம் தூங்க விடவில்லை.

வழி சொன்னது என் மனைவி. "ஆரத்திக்கு மஞ்சளும் சுண்ணாம்பும் கலக்கோம்லா, ரத்தம் மாதிரித்தான இருக்கும்? முகமூடிக்கு உள்ள பூசிக்கிடச் சொல்லுங்க. கழத்துனா முகமெல்லாம் ரத்தமாத் தெரியும். யாருக்கு அடையாளம் தெரியப் போகுது?" அவளே கரைத்து ஒரு கும்பாவில் கொடுத்துவிட்டாள். முகமூடிக்கு அதைக் கொடுத்தபோது விரலால் தொட்டுப் பார்த்து, "எரியும். பரவால்ல" என்றார்.

ஆனால் சனிக்கிழமை காலையில் வேறொன்று நடந்தது. ஒத்திகையில் ஈரப் பலகையில் வழுக்கிச் சேட்டனின் வலது தோள் விலகிவிட்டது. எலும்பு கட்டுகிறவர் வந்து தோளைப் பொருத்தி, ஒரு மாசம் அசைக்கக் கூடாது என்று சொல்லிவிட்டுப் போனார். போட்டியை நிறுத்தினால் கம்பெனி இந்தப் பக்கம் தலைகாட்ட முடியாது. கடைசிப் போட்டியில் தோற்றால் சேட்டனுக்குச் சிங்கப் பட்டம் போய்விடும். அவருக்கு ஊரில் நாலு பிள்ளைகள்.

அன்று மத்தியானம் நான் போனபோது மானேஜர் முகமூடியிடம் பேசிக்கொண்டிருந்தார். "இந்தக் கையை வச்சுக்கிட்டு அவர் ஜெயிக்கிற மாதிரி காட்ட முடியாது. நீயே ஜெயிச்சிடு. ஜனங்க கத்துவாங்க, பாத்துக்கலாம்" என்றார்.

எனக்குச் சந்தோஷமாக இருந்தது. முகமூடி ஜெயித்தால் கழற்ற வேண்டியதில்லை. பிரச்சினை தானாகத் தீர்ந்தது. அவரும் அப்படித்தான் நினைப்பார் என்று பார்த்தேன். அவர் சேட்டனுக்கு ஒத்தடம் கொடுத்துக்கொண்டிருந்தார்.

ஞாயிற்றுக்கிழமை கூட்டம் தகர வேலிக்கு வெளியிலும் நின்றது. மரத்திலெல்லாம் ஆள். மேடைக்குக் கீழே அரைக்கால் சட்டையும் சிவப்புத் தொப்பியுமாக நாலு போலீஸ்காரர்கள். அதில் யார் அண்ணன் என்று எனக்குச் சொல்ல வேண்டியிருக்கவில்லை. அதே குட்டைக் கழுத்து.

அந்தப் போட்டியில் நான் பார்த்ததை இன்று வரை நினைத்துப் பார்க்கிறேன். சேட்டனின் வலது கை கிட்டத்தட்ட அசையவில்லை. ஆனால் சுற்றியிருந்தவர்களுக்கு அது தெரியவே இல்லை. முகமூடி எப்போதும் அவருடைய இடப் பக்கமே வந்தார். அடிக்கப் பாய்வது போல வந்து, அந்த ஒற்றைக் கைக்குள் தானாகவே புகுந்து, எம்பி, அவர் தோள் மேல் படாமல் சுழன்று விழுந்தார். சேட்டன் தள்ளாடியபோது கழுத்தை நெரிப்பது போல அணைத்து நிறுத்தினார். ஒரு முழு மனிதனின் கனத்தைத் தானே தூக்கித் தானே எறிந்துகொண்டிருந்தார். ஜெயிப்பதற்கு அதில் கால்வாசி பலம் போதும். நினைத்திருந்தால் எந்த நொடியிலும் முடித்திருக்கலாம். நான் ஒவ்வொரு நொடியும் அதை எதிர்பார்த்தேன்.

நாலாம் சுற்றில் சேட்டன் இடது கையால் அவர் இடுப்பைத் தொட்டார். தொட்டார் என்றுதான் சொல்ல வேண்டும். முகமூடி ஆளுயரத்துக்கு மேலே எழும்பி, மல்லாக்க விழுந்து, அப்படியே கிடந்தார். ரெப்ரி எண்ணி முடித்தார். தென்காசி கத்திய கத்தலில் மரத்துக் காக்கைகள் பறந்தன. என் மனைவி பெண்கள் பெஞ்சில் எழுந்து நின்று வாயைப் பொத்திக்கொண்டிருந்தாள்.

அவர் உட்கார்ந்து, பின்னந்தலைக் கட்டைத் தானே அவிழ்த்தார். முகமெல்லாம் சிவப்பு. தூறல் பட்டு மார்பில் ஒழுகியது. யாருக்கும் அடையாளம் தெரியவில்லை. ஆனால் காதுக்குச் சாயம் பூச நாங்கள் யாருமே நினைக்கவில்லை. மேடைக்கு நாலடி தூரத்தில் நின்ற போலீஸ்காரர் அந்தக் கிழிந்த மடலைப் பார்த்தார். அவர் கைத்தடி தாழ்ந்தது.

அதே சமயம் கூட்டம் கயிற்றைத் தாண்டியது. "பிடிலே அவன! அருவிக்கு இழுலே!" என்று பத்துப் பேர் மேடையேறிவிட்டார்கள். ஒரு செருப்பு வந்து அவர் தோளில் விழுந்தது. அந்தப் போலீஸ்காரர் எல்லோருக்கும் முன்னால் மேடையில் குதித்து, தம்பியின் தலையைத் தன் கக்கத்தில் அமுக்கிக்கொண்டு, தடியைச் சுழற்றினார். "விலகுங்கவே! அருவிக்குத்தான கூட்டிட்டுப் போகணும்? நான் கூட்டிட்டுப் போறேன். எவனாவது மேல கைய வச்சிய, பாத்துக்கிடுங்க!" பிறகு குனிந்து தம்பியின் காதுக்குள் சொன்னது பதறி மேடையோரம் ஓடி வந்திருந்த எனக்குக் கேட்டது. "ஏலே, குனிஞ்சு நட."

ஊரே பின்னால் நடந்தது. அருவிக்கரையில் எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தவர்கள் எழுந்து வழிவிட்டார்கள். அண்ணன் கரையில் நின்றுகொள்ள, தம்பி தண்ணீருக்குள் போய்த் தலைகுனிந்து நின்றார். சிவப்பெல்லாம் கரைந்து ஓடியது. அவர் வெளியே வந்தபோது கூட்டத்தின் சத்தம் அடங்கிப் போயிருந்தது. ஒரு பூதத்தை எதிர்பார்த்தவர்கள் முன்னால், சுண்ணாம்பு எரிந்த கண்ணோடு, குளிரில் நடுங்கும் ஒரு சாதாரண ஆள். "இவன டீக்கடையில பாத்திருக்கேனே" என்றார் ஒருவர். இன்னொருவர் தன் தோளிலிருந்த துண்டை எடுத்துக் கொடுத்து, "தொடச்சுக்கிடும்வே, சளி பிடிச்சிரும்" என்றார்.

மறுநாள் பள்ளிக்கூடம் விட்டதும் தோப்பு வீட்டுக்குப் போனேன். அண்ணன் அங்கே உடுப்போடு உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தார். தம்பி பரிமாறிக்கொண்டிருந்தார். சண்டை நடந்து ஓய்ந்த வீடு மாதிரி இருந்தது. ஆனால் நான் நினைத்த சண்டை இல்லை.

"குஸ்திக்குப் போனத நான் ஒண்ணும் சொல்லல. ஐயாட்ட நான் பேசிக்கிடுதேன்" என்றார் அண்ணன், சோற்றைப் பிசைந்துகொண்டே. "ஆனா அந்த ஒத்தக் கைக்காரங்கிட்டயாலே தோக்கணும்? அவன் வலது கை அசையவேயில்ல. நான் பாத்துக்கிட்டுத்தான நிக்கேன். உன்னால முடியாதாலே? நம்ம குடும்பத்துல எவம்லே இப்படி மல்லாக்க விழுந்திருக்கான்?"

எல்லாம் பேசி வைத்தது என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். சேட்டன் சுவரோரம் தலையைக் குனிந்துகொண்டார். தம்பி ரசத்தை ஊற்றிக்கொண்டே, "பிடி நழுவிட்டுண்ணே" என்றார்.

அண்ணன் போன பிறகு, ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன். "சொன்னா அடுத்த வாட்டி அவரு பாக்கும்போது குஸ்தியப் பாக்க மாட்டாரு, எங்க வேஷத்த மட்டும்தான் பாப்பாரு" என்றார். ஏன் ஜெயிக்கவில்லை என்று கேட்டதற்கு, சேட்டனின் பக்கம் கையைக் காட்டிவிட்டுப் பாத்திரம் கழுவப் போய்விட்டார்.

கம்பெனி அடுத்த வாரமே ஊரைக் காலி செய்தது. மானேஜர் என்னைக் கூடவே வரச் சொன்னார்; நான் போகவில்லை. சேட்டனின் தோள் சரியாகவில்லை என்றும், அவர் ரெப்ரியாகிவிட்டார் என்றும், இப்போது முகமூடி இல்லாமல் சிங்கமாக மேடையேறுவது தம்பிதான் என்றும் அடுத்த வருஷம் மானேஜரிடமிருந்து ஒரு கடிதம் வந்தது. ராஜபாளையத்தில் போட்டி என்று விலாசமும் எழுதியிருந்தார்.

அந்தச் சீசனில் அண்ணன் மறுபடி குற்றாலம் டூட்டிக்கு வந்திருந்தார். அருவிக்கரையில் என்னைப் பார்த்துவிட்டுக் கிட்டே வந்தார்.

"சார்வாள், நீங்க படிச்சவுக. உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும். அன்னைக்கு அவனுக்குப் பிடி நழுவல. நான் ஒரு வருஷமா யோசிச்சுப் பாத்துட்டேன். அவனாத்தான் விழுந்தான். ஏன்னு உங்களுக்குத் தெரியுமா?"

அவரை ஏமாற்ற எனக்கு மனசு வரவில்லை. தோள் விலகியது, மானேஜர் சொன்னது, நோட்டீஸ் என்னுடையது என்பது வரை எல்லாவற்றையும் சொன்னேன். அவர் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு கேட்டார். இடையில் ஒரு கேள்விதான் கேட்டார்: "அப்பம் அவன் ஜெயிச்சிருக்கலாம்?" ஆமாம் என்றேன். சட்டைப் பையிலிருந்து சின்ன நோட்டை எடுத்து ராஜபாளையத்து விலாசத்தைப் பென்சிலால் எழுதிக்கொண்டார்.

பத்து நாள் கழித்து அச்சாபீஸ் வாசலில் வந்து நின்றார். லீவு போட்டுவிட்டுப் போய்வந்திருக்கிறார். அவர் பேசியது எனக்குச் சரியாகக் கேட்கவில்லை, குரல் கம்மிப்போயிருந்தது.

"ஜெயிச்சிட்டான் சார்வாள்" என்றார். "எல்லாம் பேசி வச்சதுன்னு தெரிஞ்சும், என்னையறியாம எந்திரிச்சு நின்னு கத்திட்டேன். தொண்டை போயிட்டு."